முகமூடிக்குள் இருந்தவள்

நடிப்பைப் பற்றி எழுதும்போதெல்லாம் நாம் முகத்தையே எழுதிக்கொண்டிருக்கிறோம். கண், உதடு, குரல், அப்புறம் அந்தப் புகழ்பெற்ற மௌனம். நானும் அப்படித்தான் எழுதி வந்திருக்கிறேன். லிண்டா ஸ்டர்லிங் நடித்த 'ஸோரோஸ் பிளாக் விப்' (1944) ஸீரியலின் 12 அத்தியாயங்களையும் பார்த்து முடித்தபின் இந்தப் பழக்கத்தில் எனக்கு நம்பிக்கை குறைந்துவிட்டது.

அமெரிக்கத் தியேட்டர்களில் வாரம் ஒரு அத்தியாயமாகக் காட்டப்பட்டவை இந்த ஸீரியல்கள். ரிபப்ளிக் ஸ்டூடியோ மட்டும் 1936லிருந்து 1955 வரை 66 எடுத்தது. இவற்றைக் கலை என்று வாதாட நான் வரவில்லை. பெரும்பகுதி குப்பை. வண்டி பள்ளத்தில் உருளுவதோடு ஒரு அத்தியாயம் முடியும்; அடுத்த வாரம், ஆள் முன்பே குதித்துவிட்டதாகக் காட்டுவார்கள். ஏழு நாள் மறதியை நம்பிச் செய்த மோசடி, இன்று ஒரே மூச்சில் பார்க்கும்போது பல்லிளிக்கிறது.

ஸ்டர்லிங் 1921ல் லாங் பீச்சில் பிறந்தவர். விளம்பர மாடலாக இருந்து ரிபப்ளிக்குக்கு வந்தார். 1944க்கும் 1947க்கும் இடையில் ஆறு ஸீரியல்கள். 'டைகர் வுமன்' அவரைப் பிரபலமாக்கியது. 'பர்ப்பிள் மான்ஸ்டர் ஸ்டிரைக்ஸ்' (1945), 'கிரிம்ஸன் கோஸ்ட்' (1946) போன்றவற்றில் கதாநாயகனின் கூடவே ஓடும் பெண்ணாகச் சுருங்கிப்போகிறார். அவற்றைப் பற்றிச் சொல்ல அதிகமில்லை.

'பிளாக் விப்' வேறு. தலைப்பில் ஸோரோ உண்டு, படத்தில் கிடையாது. ஐடஹோ தனி மாநிலமாவதைத் தடுக்கப் பார்க்கும் கும்பலை எதிர்த்து ஒரு பத்திரிகைக்காரன் முகமூடியணிந்து போராடுகிறான். முதல் அத்தியாயத்திலேயே செத்துப்போகிறான். தங்கை பார்பரா பத்திரிகையையும் ஏற்கிறாள், கறுப்பு உடையையும் சாட்டையையும் ஏற்கிறாள். அவள்தான் அந்த முகமூடியோ என்ற சந்தேகம் கும்பலுக்கு எழும்போது அதன் தலைவனால் அதை ஏற்க முடியவில்லை. தங்களைச் சுடுவதிலும் குதிரையேற்றத்திலும் சண்டையிலும் தோற்கடித்தது ஆணாகத்தான் இருக்கவேண்டும் என்கிறான்.

வில்லனின் அசட்டுத்தனம் என்று இதைத் தாண்டிப் போயிருப்பேன், ஸ்டூடியோவும் அதே முடிவுக்கு வந்திருக்காவிட்டால். 'டான் டேர்டெவில் ரைட்ஸ் அகெய்ன்' (1951), 'மேன் வித் தி ஸ்டீல் விப்' (1954) இரண்டும் சிக்கனத்துக்காக 'பிளாக் விப்'பின் சண்டைக் காட்சிகளை வெட்டி ஒட்டிக்கொண்டன. இரண்டிலும் முகமூடி வீரன் ஆண். புதிய நடிகனுக்குப் பழைய உடையை ஒத்த உடை தைத்தால் போதுமானதாக இருந்தது. பார்பராவின் வீரம் இப்படித்தான் ஆண்பெயருக்குப் பட்டா மாறியது.

ஆனால் அது யாருடைய வீரம்? முகமூடிக்குள் குதிரையில் பாய்ந்ததும் உருண்டதும் பெரும்பாலும் பேப் டிஃப்ரீஸ்ட் என்ற சண்டைக்காரப் பெண். ஸ்டர்லிங்குக்கு எஞ்சியது அண்மைக் காட்சிகள், பத்திரிகை அலுவலகம், சந்தேகம் வராதபடி சாதுவாக இருப்பது. சிரமமான நடிப்பு இதுதான் என்று எனக்குப் படுகிறது. வேறொருத்தியின் உடல் செய்ததைத் தன் முகத்தில் வைத்துக்கொண்டே, செய்யாதவள்போல் நிற்க வேண்டும். அவர் அதை மிகையில்லாமல் செய்கிறார். வசனம் சொல்வதில் ஒரு பள்ளிக்கூட விறைப்பு இருக்கிறது, மறுக்கவில்லை.

1946ல் திரைக்கதாசிரியர் ஸ்லோன் நிப்லியை மணந்தார். படங்கள் குறைந்தன. பிறகு படித்துப் பட்டம் வாங்கி, கிளெண்டேல் கல்லூரியில் இருபது ஆண்டுகளுக்கு மேல் ஆங்கிலம் கற்பித்தார். 1997ல் காலமானார்.

இதை எழுதுமுன் 'ஸ்டீல் விப்'பை மறுபடி போட்டுப் பார்த்தேன். தூரத்துக் காட்சி ஒன்றில் குதிரை திரும்புகிறது; மேலிருக்கும் கறுப்பு உருவத்தின் இடுப்பும் தோளும் பெண்ணுடையவை, ஒளிக்க யாரும் மெனக்கெடவில்லை. அடுத்த ஷாட்டில் முகம் வருகிறது. ரிச்சர்ட் சிம்மன்ஸ்.