ஆறு நிறப் பிறப்பு

மணிமேகலையைப் படிக்கத் தொடங்கும் நண்பர்கள் பலர் இருபத்தேழாம் காதையில் வந்து நின்றுவிடுகிறார்கள். அதுவரை கதை நன்றாகத்தான் போய்க் கொண்டிருந்தது. இங்கே, வஞ்சி மாநகரில், சமயவாதிகள் ஒருவர் பின் ஒருவராகத் தங்கள் கொள்கையை ஒப்பிக்கிறார்கள். நாவல் படித்துப் பழகிய நமக்குக் கொட்டாவி வந்தால் அது நம் குற்றம் அல்ல. ஆனாலும் அந்த வரிசையில் ஒருவர் பேசும்போது மட்டும் நான் நிமிர்ந்து உட்காருவதுண்டு. அவர் ஆசீவகர். உயிரின் பயணத்தை அவர் நிறத்தால் கணக்கிடுகிறார்.

மற்கலி என்பவரைத் தலைவராகக் கொண்டது அவர் சமயம். உயிரும், நிலம், நீர், தீ, காற்று என்னும் நால்வகை அணுவும்தான் உலகம். உயிர் கரும்பிறப்பு, கருநீலப் பிறப்பு, பசும்பிறப்பு, செம்பிறப்பு, பொன்பிறப்பு, வெண்பிறப்பு என்று ஆறு நிறங்களைக் கடந்து, மிகு வெண்மையில் கலந்து வீடு அடைகிறது. பெறுவதும் இழப்பதும், சுகமும் துக்கமும், பிறப்பும் இறப்பும் கருவிலேயே குறிக்கப்பட்டவை. முயற்சிக்கு அங்கே வேலை இல்லை. மற்கலியின் வாதத்தைச் சொல்லும் பாலி நூல் ஒரு நல்ல உவமை தருகிறது: வீசி எறிந்த நூற்கண்டு நூல் தீரும்வரை தானாகப் பிரிந்து ஓடும், அறிவாளியும் மூடனும் அப்படியே ஓடித் தீர வேண்டியவர்கள்.

இந்த நிறக் கணக்கு அங்குத்தர நிகாயத்திலும் இருக்கிறது. அங்கே ஒவ்வொரு நிறத்துக்கும் ஆட்களைக் குறித்து வைத்திருக்கிறார்கள். கசாப்புக்காரன், வேடன், மீன் பிடிப்பவன், திருடன் எல்லாரும் கறுப்பு. பௌத்தத் துறவி நீலம்; சமணத் துறவி சிவப்பு. ஆசீவகர்கள் வெள்ளை, அவர்களுடைய மூன்று ஆசிரியர்களோ மிகு வெள்ளை! தன் வீட்டுக்குத் தானே சுண்ணாம்பு அடித்துக் கொள்ளாத சமயம் உலகத்தில் எது?

இதைக் கேட்ட புத்தர் சொன்ன பதில் இலக்கியச் சுவை உள்ளது. உலகம் இதற்கு ஒப்புக்கொண்டதா என்று முதலில் கேட்கிறார். ஏழை ஒருவன் வேண்டாம் என்றாலும் இறைச்சித் துண்டை அவன் கையில் திணித்து, தின்றுவிட்டு விலையும் கொடு என்பது போல் இருக்கிறது என்கிறார். பிறகு, பிறப்பு கறுப்பாகவோ வெள்ளையாகவோ இருக்கட்டும். எந்தப் பிறப்பிலிருந்தும் கறுப்புச் செயலும் செய்யலாம், வெள்ளைச் செயலும் செய்யலாம், இரண்டும் அல்லாத நிர்வாணமும் அடையலாம் என்று முடிக்கிறார். மணப்பெண் கறுப்பா சிவப்பா என்று இன்றைக்கும் விசாரிக்கும் நம் வீடுகளுக்கு இந்தப் பதில் இன்னும் போய்ச் சேரவில்லை.

சாத்தனார் என்ன செய்தார்? வேடனையும் மீனவனையும் விட்டுவிட்டு நிறங்களை மட்டும் வைத்துக் கொண்டார். மதுரைக் கூலவாணிகன் என்று பெயர் பெற்றவருக்குச் சந்தையில் எல்லாத் தொழிலாரும் தெரிந்திருப்பார்கள். அந்த நாகரிகத்துக்காக அவரைப் பாராட்டலாம். ஆனால் வாதம் முடிந்ததும், பேச்சில் குழப்பம் என்று மணிமேகலை ஒரு சொல்லில் ஒதுக்கிவிட்டு நிகண்டவாதியிடம் திரும்புகிறாள். இங்கேதான் என் வழக்கு.

சிலப்பதிகாரத்தின் நீர்ப்படைக் காதையை நினைத்துப் பாருங்கள். மதுரையில் நடந்த கொலையைக் கேட்டதும் கோவலன் தந்தை மாசாத்துவான் பொருளைத் தானம் செய்துவிட்டுப் பௌத்தத் துறவியரிடம் போகிறான். கண்ணகியின் தந்தை மாநாய்கன் ஆசீவகரிடம் போகிறான். இரண்டு சம்பந்திகளை இரண்டு வாசலுக்கு அனுப்பியதில் ஆழ்ந்த பொருள் இருப்பதாக எனக்குப் படுகிறது. தவறிய மகனைப் பெற்றவனுக்கு வினைக்குப் பயன் உண்டு என்னும் சமயம் பொருந்தும். ஒரு தவறும் செய்யாத மகளைப் பெற்றவனுக்கு? உன் மகள் செய்த எதனாலும் இது வரவில்லை, கருவிலேயே குறித்தது என்று சொல்ல ஆசீவகர்தான் இருந்தார்கள். அந்தச் சொல் உண்மையோ பொய்யோ, அவனுக்கு அது மருந்து.

மணிமேகலையைச் சமயவாதம் கேட்கச் சொன்னவள் யார்? வஞ்சிக் கோயிலில் தெய்வமாக நின்ற கண்ணகியே. அவள் சொல்லித்தான் இவள் ஆண் துறவி வேடத்தில் போய், கண்ணகியின் தகப்பன் தழுவிய கொள்கையைக் கேட்கிறாள். அடுத்த காதையில் மாசாத்துவான் நேரிலே வந்து பேசுகிறான். மாநாய்கன் பெயர் மட்டும் ஆசீவகர் முன்னிலையில் யாருக்கும் நினைவு வரவில்லை. ஒரே ஒரு கணம் அவள் தயங்கியிருந்தால் அந்தக் காதை பட்டியலாக இராமல் கதையாகியிருக்கும். எதிர்க்கட்சியின் வாதத்தைச் சரியாக எழுதுவது நேர்மை. அந்த வாதம் எவன் கண்ணீரைத் துடைத்தது என்று காட்டுவது கலை. சாத்தனார் முதலாவதைச் செய்தார்.

ஆசீவகர் எழுதிய நூல் ஒன்றும் நமக்கு மிஞ்சவில்லை. மணிமேகலை பௌத்த நூல்; அவர்களை மறுத்த நீலகேசி சமண நூல்; சிவஞான சித்தியார் சைவ நூல். 14-ஆம் நூற்றாண்டு வரை தென்னாட்டில் வாழ்ந்த சமயம் என்று 1951-இல் தம் ஆராய்ச்சியை வெளியிட்ட ஏ. எல். பாஷம் கூறுகிறார். அத்தனை காலம் வாழ்ந்தவர்களை எதிரிகளின் வாய்மொழியாகவே கேட்கிறோம். அதனால்தான் சாத்தனார் விட்டுவிட்ட அந்த ஒரு கணம் எனக்குப் பெரிதாகத் தோன்றுகிறது.

கொள்கையில் நான் ஆசீவகர் பக்கம் இல்லை. மதுரைச் சுங்குடிச் சேலையைப் பாருங்கள். சாயத்தில் முக்கிய துணியில் வெள்ளைப் புள்ளிகள் தாமாக நிற்பதில்லை; யாரோ ஒரு பெண் விரல் நோக முடிச்சுப் போட்ட இடங்கள் அவை. வெண்மைக்கும் முயற்சி வேண்டும் என்று அந்தச் சேலை சொல்கிறது. இருந்தாலும், மகளைப் பறிகொடுத்த மாநாய்கனிடம் போய் இந்த வாதத்தைச் சொல்ல எனக்கு வாய் வராது.