குவின்ட் சொல்லாமல் விட்ட ஆள்

'ஜாஸ்' பார்த்தவர்களுக்குச் சுறாவுக்கு அடுத்தபடியாக ஞாபகம் இருப்பது ஒரு பேச்சுதான். ராத்திரி, படகின் சின்ன அறை, கொஞ்சம் குடி, மூன்று ஆண்கள். சுறா வேட்டைக்காரன் குவின்ட், போர்க்காலத்தில் தான் 'இண்டியானாபோலிஸ்' கப்பலில் இருந்ததைச் சொல்கிறான். பீட்டர் பெஞ்ச்லியின் நாவலில் இது கிடையாது, படத்துக்காகச் சேர்த்தது. யார் எழுதியது என்பதில் இன்றுவரை பஞ்சாயத்து உண்டு. நானும் எத்தனையோ தடவை பாத்திருக்கேன், இப்பவும் புல்லரிக்கும்.

1990களில் ஃப்ளோரிடாவின் பென்சகோலாவில் ஹன்ட்டர் ஸ்காட் என்ற பள்ளிக்கூடத்துப் பையனும் இந்தப் பேச்சில்தான் சிக்கினான். வயது 11. வரலாற்றுப் போட்டிக்கு ஒரு ப்ராஜெக்ட் தேவைப்பட்டது. படத்தோடு நிற்காமல், அந்தக் கப்பலிலிருந்து பிழைத்து வந்தவர்களைத் தேடிப்பிடித்துக் கேட்க ஆரம்பித்தான். ஏறக்குறைய 150 பேர்!

அவர்கள் சொன்ன கதை வேற. குவின்ட் சொல்லும் தேதி ஜூன் மாசம். கப்பல் மூழ்கியது 1945 ஜூலை 30, நள்ளிரவு தாண்டியதும். ஜப்பானிய நீர்மூழ்கி ஐ-58 டார்பிடோவால் அடித்தது, 12 நிமிஷத்தில் முடிந்தது. 1195 பேரில் மிஞ்சியவர்கள் 316. தண்ணீரில் மிதந்தவர்களைச் சுறா தின்றது நிஜம். ஆனால் தாகமும் வெயிலும், உப்புத்தண்ணீர் குடித்துப் புத்தி பேதலித்ததும் அதைவிட அதிகம் பேரைக் கொன்றன. ரகசியப் பயணம் என்பதால் அபாயச் செய்தியே போகவில்லை என்கிறான் குவின்ட். அணுகுண்டின் பாகங்களை டினியன் தீவில் ஜூலை 26லேயே இறக்கியாயிற்று. ரகசியம் அங்கேயே முடிந்தது. மூழ்கும் நேரத்தில் ரேடியோக்காரர்கள் செய்தி அனுப்பப் போராடியிருக்கிறார்கள்.

தேதிப் பிழையெல்லாம் எனக்குப் பெரிசில்லை. குடித்துவிட்டுப் பேசுகிற மனுஷன் காலண்டரா பார்ப்பான்? என் புகார், அந்தப் பேச்சில் கேப்டன் இல்லை என்பது.

சார்லஸ் மக்வே. கப்பலை வளைத்து நெளித்து ஓட்டவில்லை என்று கோர்ட் மார்ஷல் செய்தார்கள். அதற்குச் சாட்சி சொல்ல, அடித்த நீர்மூழ்கியின் கேப்டன் ஹஷிமோட்டோவையே ஜப்பானிலிருந்து கூட்டிவந்தார்கள். வளைத்து ஓட்டியிருந்தாலும் தப்பியிருக்க முடியாது என்றார் அவர். அப்படியும் மக்வே குற்றவாளிதான். அவர் துணைக்கப்பல் கேட்டிருந்தார், கொடுக்கவில்லை. அந்த வழியில் நீர்மூழ்கிகள் திரிவது கடற்படை உளவுக்குத் தெரியும், அவரிடம் சொல்லவில்லை. செத்துப்போன பையன்களின் வீடுகளிலிருந்து வருஷக்கணக்கில் வசைக் கடிதங்கள் வந்தன. 1968இல் தற்கொலை செய்துகொண்டார். ஏழு வருஷம் கழித்து 'ஜாஸ்' வருகிறது, பழி மொத்தத்தையும் சுறா சுமந்துகொள்கிறது. தகவலை மறைத்த அதிகாரிகளைப் பற்றிக் குவின்டுக்குச் சொல்ல ஒன்றுமில்லை. அவன் பேச்சு அவ்வளவு அழகாக இருப்பதால்தான் இந்த ஓட்டை நமக்குத் தெரியாமலே போகிறது.

அதுக்காக 'கேப்டனைக் காப்பாற்றிய சிறுவன்' என்று கொண்டாடுவதிலும் எனக்கு உறுத்தல் உண்டு. அதுவும் இன்னொரு சினிமாக் கதைதானே. பிழைத்தவர்கள் பல வருஷமாகத் தங்கள் கேப்டனுக்காகக் கத்திக்கொண்டிருந்தார்கள், கேட்க ஆளில்லை. பையன் கேட்டதும் கேமராக்கள் வந்தன. 1999இல் செனட் விசாரணையில் அவர்களும் அவனும் சேர்ந்தே உட்கார்ந்தார்கள். மக்வேக்கு ஆதரவாக ஹஷிமோட்டோவும் செனட்டுக்குக் கடிதம் எழுதினார்.

மக்வே குற்றமற்றவர் என்ற தீர்மானத்தில் கிளிண்டன் கையெழுத்திட்டது 2000 அக்டோபர் 30. ஹஷிமோட்டோ இறந்து அப்போது ஐந்து நாள்.