சிரிப்பு யாருக்காக?

1998-ஆம் ஆண்டில் வெளிவந்த ‘பேட்ச் ஆடம்ஸ்’ என்னும் அமெரிக்கத் திரைப்படத்தில், மருத்துவ மாணவராக வரும் ராபின் வில்லியம்ஸ் குழந்தைகள் வார்டினுள் நுழைகிறார். எனிமா கொடுக்கும் ரப்பர் குமிழைச் சிவப்பு மூக்காகப் பொருத்திக்கொள்கிறார். முடியிழந்த தலைகளுடன் சோர்ந்திருந்த பிள்ளைகள் வாய்விட்டுச் சிரிக்கின்றனர். அச்சம் தரும் கருவியையே விளையாட்டுப் பொருளாக்கிய அந்தக் கற்பனை பாராட்டுக்குரியது. நாமும் நெகிழ்கிறோம். எனினும், நெகிழ்ச்சி அடங்கியபின் ஒரு வினா எழுகிறது: அப்பிள்ளைகளுள் ஒருவர் பெயரேனும் நம் நினைவில் நிற்கிறதா?

நிற்பதில்லை. ஏனெனில், படம் அவர்களைப் பற்றியதன்று. இறுதியில் நாயகன் விசாரணைக் குழுவின் முன் நிற்கும்போது, அதே பிள்ளைகள் சிவப்பு மூக்கு அணிந்து வந்து நிற்கின்றனர். நோயுற்றோர் இங்கே நாயகனின் நற்பண்புக்குச் சான்றுகளாகி விடுகின்றனர். இப்படத்தின் பெருங்குறை இதுவே.

உண்மையான மருத்துவமனைக் கோமாளியின் கலை வேறு. நியூயார்க்கில் ‘பிக் ஆப்பிள்’ சர்க்கஸைத் தொடங்கிய இருவருள் ஒருவரான மைக்கேல் கிறிஸ்டென்சன், 1986-இல் இதற்கெனத் தனி அணியொன்றை அமைத்தார். வெள்ளை அங்கி அணிந்த போலி மருத்துவர்களாகக் கோமாளிகள் வார்டுகளில் உலவினர். ‘சிவப்பு மூக்கு மாற்றுச் சிகிச்சை’ செய்தனர். 1991-இல் காரொலின் சைமன்ட்ஸ் இப்பணியைப் பாரிசில் தொடங்கினார்.

இக்கலைஞர்கள் கற்கும் முதற்பாடம் வாயிற்படியில் நிற்பது. ‘உள்ளே வரலாமா?’ என்று பிள்ளையைக் கேட்கின்றனர். பிள்ளை மறுத்தால் திரும்பி விடுகின்றனர்.

சற்றே எண்ணிப் பார்ப்போம். மருத்துவமனையில் ஊசியும் மருந்தும் பரிசோதனையும் பிள்ளையின் விருப்பத்தைக் கேட்டு வருவதில்லை. அவை அவ்வாறு வரவும் இயலாது. அங்கே பிள்ளையின் ‘வேண்டாம்’ என்னும் சொல்லுக்குக் கட்டுப்படுபவர் கோமாளி. அதற்கு அவர் காதை வைக்க வேண்டிய இதயத்துடிப்புமானியை முழங்காலில் வைத்து, எதுவும் கேட்கவில்லையே என்று திகைக்கிறார். படுக்கையில் கிடக்கும் பிள்ளை அவரைத் திருத்துகிறது. அப்பொழுது அறிந்தவர் பிள்ளை. அறியாதவர் அங்கி அணிந்தவர். சிரிப்பு பிறப்பது இந்த இடமாற்றத்தில்தான். நோய் பறித்துக்கொண்ட உரிமையில் ஒரு சிறு பங்கு, சில நிமிடங்களுக்கேனும், பிள்ளைக்குத் திரும்பக் கிடைக்கிறது.

படம் இவ்வுண்மையின் விளிம்புவரை வந்து திரும்பி விடுகிறது. நோயுற்ற பிள்ளையைக் காண நாம் செல்லும்போது, கையில் பழங்களை எடுத்துச் செல்கிறோம். ஆறுதல் மொழிகளையும் ஆயத்தம் செய்கிறோம். வாயிற்படியில் நின்று, ‘வரலாமா?’ என்று கேட்கிறோமா?