மாண்டோஸின் இரண்டாம் ஆரூடமும் நம் வாசிப்பு மரபுகளும்

நம் சங்க மலருக்கு, டோல்கீன் கதையுலகில் வரும் மாண்டோஸின் இரண்டாம் ஆரூடத்தைப் பற்றி எழுதித் தரவேண்டும் என்று செயலாளர் கேட்டபோது மறுக்க முடியவில்லை. மூத்தவர்கள் இருக்க நான் எழுதுவது அதிகப்பிரசங்கித்தனமாகப் படலாம், பொறுத்தருள்க. உலக முடிவில் தீயவன் மோர்கோத் திரும்பி வருவான், கடைசிப் போர் நடக்கும் என்னும் அந்த ஆரூடத்தின் கதையை நம் உறுப்பினர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. அது நிறைவேறவில்லை என்பதிலும் சண்டையில்லை. எந்தப் பாடத்தை வைத்துக்கொண்டு பேசுகிறோம் என்பதில்தான் நம்முடைய மரபுகள் பிரிகின்றன.

எழுபத்தேழுக்காரர்கள் முதலில். நம் சங்கத்தைத் தொடங்கிய பெரியவர்களில் பலரும் இந்த வழியினர். டோல்கீனின் மகன் கிறிஸ்டோபர், கை கேவ்ரியல் கே துணையோடு தொகுத்து 1977இல் வெளியிட்ட 'சில்மரில்லியன்' ஒன்றே இவர்களுக்கு மூலநூல். மற்றதெல்லாம் பட்டறையில் விழுந்த சீவல். அந்த நூலின் முடிவில் ஆரூடமே கிடையாது. கெட்டுப்போன உலகம் சீராகுமா என்பது தேவர்களான மான்வேக்கும் வார்தாவுக்கும் தெரிந்திருக்கலாம், அவர்கள் வெளியிடவில்லை, மாண்டோஸின் தீர்ப்புகளிலும் அது இல்லை என்று முடித்துவிடுகிறது. தெளிவான நிலைதான். ஆனால் அதே நூலில் மெனெல்மகார் என்ற விண்மீன் கூட்டத்தின் ஒளிரும் இடைக்கச்சை கடைசிப் போரை முன்னறிவிப்பதாக வருகிறதே! அந்தப் போருக்குப் பிறகு ஔலே என்ற தேவனுக்குத் துணையாக நின்று உலகைத் திரும்பக் கட்டுவோம் என்று குள்ளர்கள் நம்புவதும் அதில்தான் இருக்கிறது. இதற்கு அவர்கள் தரப்பில் நல்ல பதிலை நான் இன்னும் கேட்கவில்லை.

அடுத்தவர்கள் தொகுப்புக்காரர்கள். 1983 முதல் 1996 வரை வந்த, டோல்கீன் வரைவுகளின் பன்னிரண்டு தொகுதிகளையும் ஒரே கதையாகக் கோத்துவிடுபவர்கள். உழைப்பாளிகள். இதற்கு மேல் சொன்னால் மனவருத்தம் வரும்.

எங்கள் ஆசிரியரின் வழி வேறு. அவர் நோட்டுப் புத்தகத்தில் ஒவ்வொரு பக்கத்துக்கும் இடது ஓரம் ஒரு கோடு இருக்கும். கோட்டுக்கு இப்பால் எழுதிய ஆண்டு, அப்பால் செய்தி, அதன் அடியில் தொகுதி எண். ஆண்டு சொல்லாமல் யாராவது வாய் திறந்தால், "எப்ப எழுதினது தம்பி?" என்பார். அவ்வளவுதான் பாடம்.

ஆரூடத்தில் வரும் மானிட வீரன் தூரினை அவர் பாடமாக நடத்திய விதத்தைச் சொல்ல வேண்டும். டோல்கீனின் 1926 சுருக்கத்தில் வாலினோர் சமவெளியில் மோர்கோத்துடன் பொருதுபவன் ஃபியோன்வே. தூரினின் ஆவி பக்கத்தில் நிற்கிறது. 1930 பாடத்தில் பொருதுபவன் துல்காஸ். ஃபியோன்வே வலப்புறம் போய்விடுகிறான், தூரின் இடப்புறம். இரண்டிலும் மோர்கோத்தின் உயிரைக் குடிப்பது தூரினின் கறுப்பு வாள்தான். ஆனால் கடைசிக் காலத்துக் கட்டுரை ஒன்றில் (தொகுதி 12) ஆரூடம் சொல்பவர் மாண்டோஸே அல்ல, ஆந்த்ரெத் என்ற மானிடப் பெண். மரித்தவரிடமிருந்து திரும்பி வரும் தூரின் வீழ்த்தப்போவதும் மோர்கோத்தை அல்ல, அன்கலகோன் என்ற பெருநாகத்தை. அந்த நாகத்தையோ 1977 நூலில் எயரெந்தில் ஏற்கெனவே கொன்றாயிற்று! இதோடு பத்தாம் தொகுதிக் குறிப்பையும் சேர்த்துப் படிக்கச் சொல்வார்: உலக முடிவு பற்றி எல்ஃப்களிடம் கதையே கிடையாது, இது நூமெனோர் மனிதர்கள் கட்டியது என்கிறது அது. ஆரூடம் பலிக்குமா என்று கேட்பதற்கு முன்னால் அது யார் வாயிலிருந்து வந்தது என்று கேட்க வேண்டும் என்பது அவர் கட்சி. முடிவை டோல்கீனே தீர்மானிக்காமல் விட்டுப்போன ஆரூடம் இது. பலிக்காதது அதனால்தான் என்பது என் துணிபு.

இனி ஒரு மனக்குறை. யாரையும் மனத்தில் வைத்துச் சொல்லவில்லை, எல்லாரும் நம் பிள்ளைகளே. இன்று சில மேடைகளில் 1930 பாடத்தின் கடைசிப் போருக்கு 'தாகோர் தாகோராத்' என்று பெயர் வைத்துப் பேசுகிறார்கள். அந்தப் பாடத்தில் அந்தப் பெயர் இல்லை. அது 1980இல் வந்த 'அன்ஃபினிஷ்ட் டேல்ஸ்' நூலில், மந்திரவாதிகளைப் பற்றிய பகுதியில் இருக்கிறது. நூலைத் திறந்தால் ஐந்து நிமிட வேலை. திறப்பதில்லை, காணொளி பார்க்கிறார்கள். போகட்டும். சென்ற ஆண்டு விழாவின் வினாடி வினாவில், தூரின் மோர்கோத்தைக் கொல்வதாக வரும் நூல் எது என்று கேட்டார்கள். விடைத்தாளில் 'சில்மரில்லியன், 1977' என்று அச்சாகியிருந்தது. மூத்த உறுப்பினர் ஒருவர் எழுந்து மறுத்தார். நேரமாகிவிட்டது, சாப்பாடு ஆறுகிறது என்று உட்கார வைத்துவிட்டார்கள். தவறான விடைக்குக் கைதட்டல், பரிசாக ஒரு காபிக் கோப்பை! பிறகு நடந்த வேடப் போட்டியில் தூரின் கையில் இருந்த அட்டை வாளுக்கு வெள்ளித்தாள் ஒட்டியிருந்தது. தூரினின் குர்தாங் கறுப்பு வாள் ஐயா! ஒளிர்வது அதன் விளிம்பு மட்டுமே. கறுப்பு மை கிடைக்காத ஊரா இது? பத்து நாள் ஒத்திகை பார்த்தவர்களில் ஒருவருக்குமா தோன்றவில்லை? வாளின் நிறத்தையே கோட்டை விட்டவர்கள் நாளை தூரினையும் தூவோரையும் குழப்ப மாட்டார்கள் என்று என்ன உத்தரவாதம்? மேடையைக் கண்டால் வருகிற ஆர்வம் நூலகத்தைக் கண்டால் எங்கே போய்விடுகிறது?

செயற்குழுவுக்கு ஒரு வேண்டுகோள். வெள்ளித்தாளை மன்னித்துவிடலாம். விடைத்தாளை மட்டும் அடுத்த மலரில் திருத்தி வெளியிடுங்கள். சரியான விடை: 'த ஷேப்பிங் ஆஃப் மிடில் எர்த்', தொகுதி 4, 1986.