எழுதப்பட்டவர் வாசிக்கும்போது

அயர்லாந்தின் தெற்கே, கார்க் மாவட்டத்தில், கூகன் பாரா ஏரியை அடுத்த குடிசை ஒன்றில் டிம் பக்லி என்ற கால் ஊனமுற்ற முதிய தையற்காரர் இருந்தார். அவரும் மனைவி அன்ஸ்டியும் அடுப்படியில் உட்கார்ந்து பேசியதையெல்லாம் எரிக் கிராஸ் கேட்டு எழுதி, 1942-இல் ‘தி டெய்லர் அண்ட் அன்ஸ்டி’ என்ற புத்தகமாக வெளியிட்டார். மாடு, கன்று, கல்யாணம், கட்டில் என்று எதையும் மூடி மறைக்காத பேச்சு அது. தணிக்கைக் குழு தடை விதித்தது. செனட் சபையில் நான்கு நாள் விவாதம் நடந்தது. தடையை எதிர்த்த உறுப்பினர் வாசித்துக் காட்டிய பகுதிகளை அவைக் குறிப்பிலிருந்தே நீக்கினார்கள். மூன்று பாதிரியார்கள் குடிசைக்கு வந்து, கிழவரை மண்டியிட வைத்து, அவருடைய பிரதியை அவர் கையாலேயே நெருப்பில் போட வைத்தார்கள்.

அயர்லாந்தைப் பற்றிய புத்தகங்களை எடை போட உட்காரும்போதெல்லாம் இந்தக் குடிசைதான் எனக்கு முதலில் நினைவுக்கு வருகிறது. பயண நூலும் சமூக ஆய்வும் பெரும்பாலும் எங்கோ இருக்கும் வாசகருக்காக எழுதப்படுகின்றன. எழுதப்பட்டவர் அதைப் படிக்கப் போவதில்லை என்ற தைரியம் எழுதுபவருக்கு உண்டு. அயர்லாந்தில் அந்தத் தைரியம் செல்லாது. ஆங்கிலம் படிக்கத் தெரிந்த, செய்தி ஒரே நாளில் ஊர் சுற்றிவிடும் சிறிய நாடு அது. புத்தகம் எப்படியும் அந்த வீட்டு வாசலுக்குத் திரும்பி வரும். அப்படித் திரும்பி வருகையில் அது எப்படி நிற்கிறது என்பதே என் அளவுகோல்.

மேற்குத் தீவுகளைத் தேடிப் போகும் மரபைத் தொடங்கியவர்களில் முதன்மையானவர் ஜே.எம். சிங். கவிஞர் யேட்ஸ் தூண்ட, 1898-இல் ஆரன் தீவுகளுக்குப் போனார். 1907-இல் ‘தி ஆரன் ஐலண்ட்ஸ்’ வெளிவந்தது. ஐரிஷ் மொழியில் பேசப் பழகி, கதை கேட்டு, கடலுக்குப் பலி கொடுத்தவர்களின் ஒப்பாரியைக் கேட்டு எழுதினார். தகப்பனைக் கொன்றுவிட்டு ஓடி வந்தவனுக்குத் தீவு அடைக்கலம் கொடுத்த கதையை அங்கேதான் கேட்டார். அதே விதையிலிருந்து வளர்ந்த நாடகம் அதே 1907-இல் டப்ளின் அபே அரங்கில் மேடையேறியபோது கலவரம் வெடித்தது. கண்ணும் காதும் கூர்மையானவர் சிங். ஆனாலும் அவருடைய தீவில் ஒரு தனிமை இருக்கிறது. அது தீவினருடையதா அவருடையதா என்று பிரித்துச் சொல்ல முடிவதில்லை.

அதற்கான பதில் இன்னொரு தீவிலிருந்து வந்தது. கெர்ரி மாவட்டக் கரைக்கு எதிரே உள்ள கிரேட் பிளாஸ்கெட் தீவில் இருநூறு பேர்கூட வாழ்ந்ததில்லை. அங்கிருந்து சில ஆண்டுகளுக்குள் மூன்று பெரிய தன்வரலாறுகள் ஐரிஷ் மொழியில் பிறந்தன. மீனவர் தோமாஸ் ஓ கிரிஹனின் ‘தீவுக்காரன்’ 1929-இல் வந்தது. இளைஞர் மோரிஸ் ஓ சல்லிவனின் நூல் 1933-இல் வந்தது. பெய்க் சேயர்ஸ் என்ற கதைசொல்லி தன் மகனிடம் சொல்லி எழுதுவித்த நூல் 1936-இல் வந்தது. ஓ கிரிஹன் நடு வயதில்தான் தன் தாய்மொழியைப் படிக்கக் கற்றவர். நிலப்பகுதியிலிருந்து வந்த நண்பர் ஒருவர் கார்க்கியையும் பியர் லோட்டியையும் அவருக்கு வாசித்துக் காட்டினார். மீனவரும் உழவரும் புத்தகத்துக்கு உரியவர்களே என்று தெரிந்துகொண்ட பிறகு அவர் எழுத உட்கார்ந்தார். பிள்ளைகள் ஒவ்வொருவராக இறந்ததை அவர் சில வரிகளில் சொல்லிவிட்டு அடுத்த வேலைக்குப் போகிறார். அந்தச் சில வரிகளைத் தாண்டிப் போக வாசகரால்தான் முடிவதில்லை.

இந்த மரபும் தேய்ந்தது. வறுமையையும் பக்தியையும் மழையையும் கலந்தால் உண்மையான அயர்லாந்து கிடைக்கும் என்று நம்பிய நகல்கள் பெருகின. 1941-இல் ஃபிளான் ஓ பிரயன் இன்னொரு புனைபெயரில் ஐரிஷ் மொழியிலேயே எழுதிய ‘அன் பெயல் போக்ட்’ அந்த நகல்களைக் கிழித்துப் போட்டது. ஓ கிரிஹனின் மூலநூலை அவர் பெரிதும் மதித்தவர். அந்த மதிப்பிலிருந்தே அவர் கோபம் வந்தது. பெய்க்கின் நூலைப் பல தலைமுறை மாணவர்கள் பாடமாக உருப்போட்டு வெறுத்துப் போனதும் இதன் தொடர்ச்சிதான். அந்த வெறுப்புக்குப் பெய்க் பொறுப்பல்ல. 1953-இல் தீவு காலி செய்யப்பட்டது.

ஆய்வாளர்களின் பள்ளி வேறு. 1930-களில் ஹார்வர்டிலிருந்து வந்த ஆரன்ஸ்பெர்க்கும் கிம்பலும் கிளேர் மாவட்டக் குடியானவர்களோடு தங்கினார்கள். மகன் கல்யாணம் செய்துகொள்ளும் நாளில் பெற்றோர் நிலத்தை ஒப்படைத்துவிட்டு வீட்டின் மேற்கு அறைக்கு இடம் மாறுவதையும், அறுவடையில் உறவுக்காரர்கள் ஒருவர் நிலத்தில் மற்றவர் மாறி மாறி உழைப்பதையும் பதிவு செய்தார்கள். பிசகில்லாமல் சுழலும் சக்கரம் போன்ற கிராமம் அது. 1973-இல் ஹ்யூ பிராடியின் ‘இனிஷ்கிலேன்’ வந்தபோது சக்கரம் நின்றிருந்தது. பெண்கள் ஊரை விட்டுப் போய்விட்டார்கள். நிலத்தைக் காத்த ஆண்கள் கல்யாணமாகாமல் குளிர்கால இரவுகளில் தனியே கிடந்தார்கள்.

இந்தப் பள்ளியின் கடினமான வழக்கு நான்சி ஷெப்பர்-ஹியூஸ் 1979-இல் வெளியிட்ட ‘செயின்ட்ஸ், ஸ்காலர்ஸ் அண்ட் ஸ்கிட்ஸோஃப்ரெனிக்ஸ்’. கெர்ரி கிராமம் ஒன்றில் குடும்பத்தோடு ஓராண்டு தங்கினார். மேற்கு அயர்லாந்தின் மனநல மருத்துவமனைகளில் கல்யாணமாகாத ஆண்கள் இத்தனை பேர் ஏன் என்று கேட்டார். கடைக்குட்டி மகனை ‘நீ எதற்கும் லாயக்கில்லை’ என்று சொல்லிச் சொல்லி நிலத்தோடும் முதிய பெற்றோரோடும் கட்டிப்போடும் வளர்ப்பு முறையை எழுதினார். அமெரிக்காவில் நூலுக்கு மார்கரெட் மீட் விருது கிடைத்தது. ஊருக்கு மாற்றுப்பெயர் வைத்திருந்தும் அது எந்த ஊர் என்பது சீக்கிரமே வெளிப்பட்டது. தங்கள் அடுப்படிப் பேச்சை அச்சில் பார்த்தவர்கள் இடிந்து போனார்கள். 1999-இல் அவர் திரும்பிப் போனபோது ஊர் அவரை இருக்க விடவில்லை. அந்த வெளியேற்றத்தையும் தன் தவறுகளையும் அவரே புதிய பதிப்பில் எழுதிச் சேர்த்தார்.

என் கணிப்பில் அவருடைய கேள்வி சரியானது. பின்னாளில் வெளிவந்த பல உண்மைகள் அதற்குச் சாட்சி. ஆனால் அந்த ஊர் மனிதர்களின் நகைச்சுவையும் பாசமும் பிடிவாதமும் கோட்பாட்டின் கனத்தில் நசுங்கிவிட்டன. ஊர் வருந்தியது அதற்குத்தான். உண்மை சொல்வது ஒரு கடன். முழு மனிதரைச் சொல்வது இன்னொரு கடன். அவர் முதலாவதை மட்டும் அடைத்தார்.

பயணிகளில் ஜெர்மானியரான ஹைன்ரிஷ் பியோல் எழுதிய ‘ஐரிஷ் நாட்குறிப்பு’ (1957) அன்பு மிகுந்த சிறு நூல். அகில் தீவில் கைவிடப்பட்ட ஊரின் கற்சுவர்களை அவர் பார்த்து நிற்கும் இடம் மறக்க முடியாதது. ஆனால் போரில் சிதைந்த தன் நாட்டுக்கு மருந்து தேடி வந்தவர் அவர். ஏழ்மையில் அழகு மட்டும் தெரிவது அதனால்தான். குளிர்சாதனப் பெட்டியைச் சுமந்துகொண்டும், தன் பெயர் கொண்ட மதுக்கடைகளைத் தேடியும் நாட்டைச் சுற்றிய பிற்காலப் பயண நூல்கள் நன்றாக விற்றன. அவற்றைப் பற்றி இங்கே அதிகம் சொல்ல ஏதுமில்லை.

வடக்கின் வன்முறைக் காலத்தில் எழுந்த பயண நூல்கள் வேறு தரம். லிஸ்மோர் ஊரின் டெர்வ்லா மர்ஃபி 1963-இல் சைக்கிளிலேயே இந்தியா வரை வந்தவர். குடியரசுக் கொள்கையில் ஊறிய குடும்பம் அவருடையது. சைக்கிளோடு வட அயர்லாந்துக்குள் நுழைந்து, தன் வீட்டார் எதிரிகளாகக் கருதியவர்களின் சமையலறைகளில் உட்கார்ந்து கேட்டு, ‘எ பிளேஸ் அபார்ட்’ (1978) எழுதினார். தன் முன்முடிவுகள் எங்கெங்கே உடைந்தன என்று மறைக்காமல் சொல்கிறார். கோல்ம் டோபீன் 1986 கோடையில் டெர்ரியிலிருந்து நியூரி வரை எல்லையை ஒட்டி நடந்தார். தோண்டிச் சிதைக்கப்பட்ட குறுக்குச் சாலைகளும் சுட்டுக்கொல்லப்பட்டவர்களின் வீடுகளும் அந்த நடையைப் பற்றி அவர் எழுதிய நூலில் அமைதியான குரலில் வருகின்றன. தீர்ப்பை அவர் வாசகரிடமே விட்டுவிடுகிறார்.

ஆனாலும் உச்சியில் நான் வைப்பது டிம் ராபின்சனை. யார்க்‌ஷயரைச் சேர்ந்த ஆங்கிலேயர், கணிதம் படித்தவர், ஓவியர். 1972-இல் மனைவியோடு ஆரன் தீவில் குடியேறினார். தீவுக்கு நல்ல வரைபடம் இல்லை என்று அஞ்சலக அம்மையார் சொன்னதிலிருந்து அவர் வாழ்நாள் வேலை தொடங்கியது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் பிரிட்டிஷ் ராணுவ நில அளவையாளர்கள் ஐரிஷ் ஊர்ப்பெயர்களை ஆங்கில ஓசைக்கு நெரித்து எழுதியிருந்தார்கள். பொருள் செத்துப்போன பெயர்கள். ராபின்சன் ஒவ்வொரு வேலியாக, ஒவ்வொரு பாறையாக நடந்து, பெயர் தெரிந்த பெரியவர்களைக் கேட்டுக் கேட்டு அவற்றை மீட்டார். பதினான்கு கிலோமீட்டர் நீளமே உள்ள தீவுக்கு இரண்டு பெரிய தொகுதிகள்: ஒன்று (1986) கரையோரம் சுற்றி நடக்கிறது, மற்றது (1995) உள்ளே நுழைகிறது. பிறகு கன்னமாரா வட்டாரத்துக்கு மூன்று தொகுதிகள். ஆங்கிலேய அளவையாளர்கள் எடுத்துப்போனதை ஆங்கிலேயர் ஒருவரே திருப்பிக் கொண்டுவந்து வைத்தார் என்று நினைக்கும்போது மனம் நெகிழ்கிறது. அந்தப் பெயர்களைச் சொன்னவர்களே வரைபடத்தை விரித்து, தங்கள் வயலைத் தேடிக் கண்டுபிடிக்க முடிந்தது.

நாடு தன்னைத்தானே விசாரித்த நூல்கள் தனிக் கட்டுரைக்கு உரியவை. திருச்சபைப் பள்ளிகளில் குழந்தைகள் பட்டதை வெளிக்கொணர்ந்த மேரி ராஃப்டரி, ஓயின் ஓ சல்லிவன் இருவரின் நூலும் (1999), தான் பிறந்த 1958-இலிருந்து நாட்டின் கதையையும் தன் கதையையும் சேர்த்துச் சொல்லும் ஃபின்டன் ஓடூலின் நூலும் (2021) அவசியம் வாசிக்க வேண்டியவை.

எழுதப்பட்டவர்கள் என்றால் அயர்லாந்தில் நாடோடிச் சமூகமான டிராவலர்களைத்தான் முதலில் சொல்ல வேண்டும். பாடல், ஓவியம், மானுடவியல், காவல்துறைப் பதிவு என எல்லாவற்றிலும் நெடுங்காலம் பிறர் கையால் எழுதப்பட்டவர்கள். 1985-இல் நேன் ஜாய்ஸ் என்ற டிராவலர் பெண்ணின் தன்வரலாறு வந்தது. 2017-இல் அரசு அவர்களைத் தனி இனக்குழுவாக ஏற்றது. 2021-இல் ரோசலீன் மெக்டோனா தன் கட்டுரைத் தொகுப்பை வெளியிட்டார். மாற்றுத்திறனாளியான டிராவலர் பெண்ணாக விடுதிகளில் வளர்ந்ததை, அங்கே நேர்ந்ததை, பிறகு நாடக ஆசிரியராக நின்றதைத் தன் சொற்களிலேயே எழுதுகிறார். நூலின் பெயர் ‘அன்செட்டில்ட்’. ‘குடியமர்ந்தவர்கள்’ என்று டிராவலர்கள் மற்ற எல்லோரையும் அழைக்கும் சொல்லிலிருந்து பிறந்த பெயர் அது.