ஒளிப்பதிவாளரின் ‘பாணி’ என்னும் கருத்தாக்கம்: கே.கே.மகாஜனின் படங்களை முன்வைத்து

திரைப்பட ஆய்வுகளில் ஒளிப்பதிவாளர் பெரும்பாலும் இயக்குநரைப் பற்றிய பத்தியின் இறுதி வரியிலேயே இடம்பெறுகிறார். அவரைத் தனித்து ஆராய முற்படுவோரும், எல்லாப் படங்களிலும் மீண்டும் மீண்டும் தோன்றும் ஒரு காட்சி முத்திரையையே தேடுகின்றனர். கே.கே.மகாஜனின் (1944–2007) படங்கள் இத்தேடலுக்கு இடங்கொடுப்பதில்லை.

புனே திரைப்படக் கல்லூரியில் பயின்ற மகாஜன், 1969இல் மிருணாள் சென்னின் ‘புவன் ஷோம்’, பாசு சட்டர்ஜியின் ‘சாரா ஆகாஷ்’ ஆகியவற்றின் வழியே கவனம் பெற்றார். அடுத்த ஆண்டே மணி கௌலின் ‘உஸ்கி ரோட்டி’ வந்தது. சென்னின் படங்களில் கேமரா கையிலேந்தி ஓடுகிறது. கௌலின் படத்தில் அசையாது காத்திருக்கிறது. இவ்விரண்டும் ஒருவரது கைவண்ணம் என்பதே பாணிக்கோட்பாட்டுக்குச் சிக்கலாகிறது.

‘உஸ்கி ரோட்டி’ குறித்த விவாதங்கள் அதன் வில்லைகளைச் சுற்றியே நிகழ்ந்துள்ளன. பேருந்து ஓட்டும் கணவனுக்கு ரொட்டியுடன் சாலையோரம் காத்திருக்கும் பாலோவின் நடப்புலகிற்கு 28 மி.மீ. வில்லையும், அவள் மனவுலகிற்கு 75 மி.மீ. வில்லையும் வகுக்கப்பட்டன. முன்னதில் முன்புலமும் பின்புலமும் ஒருங்கே துலங்குகின்றன. பின்னதில் பின்புலம் கரைந்து முகம் மட்டும் எஞ்சுகிறது. படம் நகர நகர இவ்வரையறை குலைகிறது. அவள் காத்திருக்கிறாளா, காத்திருப்பதாக எண்ணிக்கொள்கிறாளா என்று பார்வையாளரால் துணிய இயலவில்லை. விதியை வகுத்தவர் இயக்குநர். ஆகவே பெருமையும் அவருக்கே என்பது வழக்கமான வாதம். ஆனால், விதி வில்லையை மட்டுமே சொல்கிறது. மண்சுவரில் வெயில் எந்த அளவு வெளுக்கலாம், முகத்தில் துப்பட்டாவின் நிழல் எந்த அளவு கறுக்கலாம் என்பவற்றை அது சொல்வதில்லை. படத்தின் பொருள் அந்தச் சொல்லப்படாத பகுதியிலும் உருவாகிறது.

குமார் சஹானியின் ‘மாயா தர்ப்பண்’ (1972) வண்ணப்படம். அங்கு வண்ணமே நாயகியின் மனநிலைக்கான வாதமாகிறது. ‘சாரா ஆகாஷ்’, ‘உஸ்கி ரோட்டி’, ‘மாயா தர்ப்பண்’, ‘கோரஸ்’ ஆகிய நான்கும் அவருக்குத் தேசிய விருது பெற்றுத் தந்தன. ‘கோரஸ்’ வெளிவந்த அதே 1974இல் அவர் ஒளிப்பதிவு செய்த ‘ரஜனிகந்தா’வை ஆய்வுலகம் ஏறத்தாழ மறந்துவிட்டது. பரவலான மக்கள் விரும்பிப் பார்த்த படம் என்பது ஒரு காரணமாகலாம். அது போதிய காரணம் அன்று. நடுத்தர வர்க்கத்துச் சிறிய அறைகளையும், அங்கு வாழும் பெண்ணின் தயக்கத்தையும் நட்சத்திரப் பளபளப்பின்றிக் காட்டியதில் ‘உஸ்கி ரோட்டி’யின் ஒழுங்கு வேறு வடிவில் தொடர்கிறது. முகத்தை ஒளியால் அழகுபடுத்த மறுப்பதே அவ்வொழுங்கு. மகாஜனிடம் நிலையானது எதுவெனக் கேட்டால், காட்சியமைப்பைக் காட்டிலும் இம்மறுப்பையே சுட்ட வேண்டும்.

சென்னின் ‘இண்டர்வியூ’வில் (1971) இது வெளிப்படையாகிறது. கல்கத்தாவின் டிராம் வண்டியில் நாயகன் ரஞ்சித் மல்லிக் பார்வையாளரை நோக்கித் திரும்பி, தாம் ஒரு சாதாரண மனிதர் என்றும், படக்குழுவினர் தம்மைப் பின்தொடர்கின்றனர் என்றும் கூறுகிறார். உடனே கேமராவுடன் நிற்கும் மகாஜன் திரையில் தோன்றுகிறார். அக்காட்சியைப் பிரெக்டிய விலக்கலுக்குச் சான்றாக மட்டும் வாசிப்பவர்கள், திரையில் காட்டப்படுபவர் இயக்குநர் அல்லர் என்பதைக் கடந்துசென்றுவிடுகின்றனர்.