வாளை வடித்தவன் யார்?

வாள் என்றதும் வாலிப உள்ளம் துள்ளுகிறது. மின்னலென வீசப்படும் வாள், மாற்றானை மண்ணிற் சாய்க்கும் வாள், மன்னனுக்கு மணிமுடி தேடித் தரும் வாள் - இவற்றைப் பாடாத நாடில்லை, போற்றாத புலவனில்லை. மேலை நாடுகளில் காப்பியச் சாயலில் எழுதப்படும் கற்பனை நெடுங்கதைகளில், இந்த வாள்களுக்குப் பெயர் உண்டு, வரலாறு உண்டு, சிலவற்றுக்கு உயிரும் உண்டு. ஏந்தியவனுக்கோ தலைமுறை தலைமுறையாகக் கால்வழி உண்டு. எல்லாம் உண்டு. ஆனால், உலைக்களத்திலே வெந்து வியர்த்து அந்த வாளை வடித்தானே, அவனுக்கு என்ன உண்டு?

இந்தக் கேள்வியைக் கையிற் கொண்டு அக்கதைகளைப் படித்துப் பார்ப்போம் என்கிறோம். பொழுதுபோக்குக் கதைக்கு இத்தனை ஆராய்ச்சி எதற்கு என்று கேட்போர் உளர். பள்ளிப் பிள்ளைகளோடு நாளெல்லாம் பழகும் நாம் அறிவோம், பாடநூல் நுழையாத இடத்திலும் கதை நுழைந்துவிடும் என்பதை. இளம் வயதில் நெஞ்சிலே குடியேறிய வீரன் எளிதில் வெளியேறமாட்டான். அவன், ‘நீ யார் மகன்?’ என்று கேட்பவனா, ‘நீ என்ன செய்தாய்?’ என்று கேட்பவனா என்பது சிறிய செய்தி ஆகுமா?

ஆங்கில நாட்டு ஆர்தர் கதையை முதலில் எடுத்துக்கொள்வோம். மாலரி எழுதி, 1485இல் காக்ஸ்டன் அச்சிட்ட நூல் அது. கோயில் முற்றத்துக் கல்லிலே ஒரு வாள் செருகி நிற்கிறது. அதை உருவுபவனே நாடாளப் பிறந்தவன் என்று எழுதியும் இருக்கிறது. பெருமக்கள் பலர் இழுத்துப் பார்க்கிறார்கள், அசையவில்லை. வளர்ப்புத் தமையன் கே, வாளைத் தங்குமிடத்தில் விட்டு வந்துவிட்டான் என்பதற்காக, வேறொரு வாள் தேடி ஓடி வந்த சிறுவன் ஆர்தர், விளையாட்டுப்போல அதை உருவி எடுத்துவிடுகிறான்.

எவ்வளவு இனிய காட்சி! ஏவல் செய்யும் எளிய பிள்ளையிடம் அல்லவா அரசு வந்து சேர்கிறது என்று மகிழ்கிறோம். அந்த மகிழ்ச்சி நெடுநேரம் நீடிப்பதில்லை. அவன் எளியவன் அல்லன். ஊதர் மன்னனின் மகன் என்ற செய்தி பின்னே வருகிறது. திறமையை அளக்கும் தேர்வு என்று நாம் நம்பிய கல், கடைசியில் பிறப்புச் சான்றிதழ் வழங்கும் அலுவலகமாகிவிடுகிறது!

அதே நூலிலே இன்னொன்றும் இருக்கிறது. அதைப் பலர் மறந்துவிடுகிறார்கள். வாளை உருவிய பின்னும் பெருமக்கள் ஆர்தரை ஏற்கவில்லை. தாழ்ந்த பிறப்பினன் ஆளுவதா என்று சீறி, நாளைத் தள்ளித் தள்ளிப் போடுகிறார்கள். முடிவில் பொதுமக்கள் திரண்டு, இவனே எங்கள் அரசன், இனித் தாமதம் கூடாது என்று முழங்கிய பிறகே முடி சூட்டப்படுகிறது. கல் காட்டியது; மக்கள் கொடுத்தார்கள். கல்லுக்குக் கிடைத்த புகழில் காற்பங்காவது அந்த மக்களுக்குக் கிடைத்ததா?

இந்த மரபின் தலைமகனாக இருபதாம் நூற்றாண்டில் நின்றவர், ஆக்ஸ்ஃபோர்டுப் பல்கலைக்கழகப் பேராசிரியர் டோல்கீன். 1954, 1955ஆம் ஆண்டுகளில் மூன்று தொகுதிகளாக வந்த அவருடைய ‘மோதிரங்களின் தலைவன்’ நெடுங்கதையில் நார்சில் என்றொரு வாள் வருகிறது. எலெண்டில் மன்னன் வீழ்ந்தபோது அது முறிந்தது. முறிந்த துண்டைக் கொண்டே அவன் மகன் இசில்டூர், பகைவன் சாரோனின் கையிலிருந்து மோதிரத்தை அறுத்தெடுத்தான். துண்டுகள் தலைமுறைகளாகக் காக்கப்பட்டு, வழித்தோன்றலாகிய அரகார்னுக்காக மீண்டும் இணைக்கப்பட்டு, அண்டூரில் என்று புதுப்பெயர் பெறுகின்றன. இணைத்த கொல்லர்களின் பெயரைக் கதை சொல்லவில்லை.

முதலில் வடித்தவன் பெயர் மட்டும் ஓரிடத்தில் வருகிறது. ரோஹான் மன்னனின் மாளிகை வாயிலில், வாளை வெளியே வைத்துவிட்டு வா என்கிறான் காவலன். அரகார்ன் தயங்குகிறான்; பிறகு இசைகிறான். ஆனால் எச்சரிக்கிறான்: இது டெல்கார் வடித்த வாள், எலெண்டிலின் வழித்தோன்றல் அன்றி வேறு எவன் உருவினாலும் அவனுக்குச் சாவு வரும் என்கிறான். படித்த இடத்திலேயே நின்றுவிட்டோம். வடித்தவனையும் வழித்தோன்றலையும் ஒரே மூச்சில் சொல்கிறானே! அப்படியானால், தன் கையாலே உருவாக்கிய டெல்காரே உயிரோடு வந்து அதை உருவினால், அவனுக்கும் சாவுதானா? உழைத்தவன் தொடக் கூடாது. உரிமைக்காரன் மட்டுமே தொடலாம்! பெருமிதத்தோடு பேசப்படும் அந்த ஒரு வாக்கியத்தில் எத்தனை கொடுமை ஒளிந்திருக்கிறது!

அரகார்ன் பிறப்பால் மட்டும் உயர்ந்தவன் அல்லன் என்பார்கள். மெய்தான். வேற்றுப் பெயர் பூண்டு பிறர்க்கு ஊழியம் புரிந்தவன். உம்பார்த் துறையில் வெற்றி ஈட்டியும் பரிசுக்குக் காத்திராமல் அகன்றவன். யாரும் மதியாத எல்லைக் காவலனாக ஆண்டுகள் பல அலைந்தவன். இவற்றை எழுதிய கையை மனமாரப் பாராட்டுகிறோம். பாராட்டிவிட்டுக் கேட்கிறோம்: இத்தனை தகுதி படைத்தவனுக்கு அந்த வாளின் சிபாரிசு எதற்கு? புண்பட்டோரை அவன் மூலிகை கொண்டு தேற்றும் அழகிய பகுதியிலும், ‘அரசன் கை ஆற்றும் கை’ என்ற பழமொழியை ஒரு கிழவி வாயில் வைத்து, கருணையையும் குருதியின் கணக்கில் எழுதிவிடுகிறாரே!

இவ்வளவு சொன்ன நாம், டோல்கீனின் பெருமையை மறைத்தால் அது நேர்மை ஆகாது. அதே நூலில் அவரே தம் வாளுக்கு எதிராக வழக்காடுகிறார், வெல்லவும் செய்கிறார்.

பெலென்னார்ப் போர்க்களம். எந்த ஆடவன் கையாலும் வீழமாட்டான் என்று முன்னறிவிக்கப்பட்ட மாயப் பெருந்தலைவன் எதிரே நிற்கிறான். அவனை வீழ்த்துவோர் யார்? பெண் என்பதால் வீட்டிலிரு என்று விடப்பட்ட எயோவின். சிறியவன் என்பதால் பின்தங்கு என்று கட்டளையிடப்பட்ட மெர்ரி. வேண்டாம் என்று ஒதுக்கப்பட்ட இருவர்! மெர்ரியின் கையில் இருந்தது புகழ்பெற்ற வாளும் அன்று. புதைமேட்டிலிருந்து கிடைத்த, பெயர்கூட இல்லாத குறுவாள். அதனால் அவன் பின்காலில் குத்துகிறான். எயோவின் தலையை நோக்கி வாளைச் செலுத்துகிறாள். முடிகிறது அரக்கன் கதை.

அங்கே டோல்கீன் ஒரு கணம் நிற்கிறார். முற்காலத்தில், இதே பகைவனோடு தன் நாடு போரிட்ட நாளில், அந்தக் குறுவாளை மெல்ல மெல்ல வடித்த கைவினைஞனை நினைக்கிறார். இந்த முடிவை அறிந்தால் அவன் மகிழ்ந்திருப்பான் என்கிறார். வீரன் வெல்லும் நொடியில் கொல்லனை நினைத்தது அந்தப் பேனா! நூல் முழுவதிலும் அண்டூரிலின் ஒளி தராத நிறைவை அந்தச் சில வரிகள் நமக்குத் தந்தன.

இன்னொன்று. 1937இல் வெளிவந்து, 1951இல் திருத்தம் பெற்ற ‘ஹாபிட்’ கதையில், இருட்குகையில் பில்போ வாளோடு நிற்கிறான். வழியை மறித்து நிற்கிறது கோலம் என்ற இழிந்த உயிர். குத்தியிருக்கலாம். இரக்கம் கொண்டு தாண்டிக் குதித்து ஓடுகிறான். அன்று விட்ட அந்த உயிராலேயே, பின்னாளில் தீய மோதிரம் எரிமலையில் விழுந்து அழிகிறது. ஆயிரம் வாள்கள் வீசப்பட்டும் ஆகாத காரியம், ஒரு வாள் வீசப்படாததால் ஆயிற்று!

டோல்கீனின் நடையையும் நோக்கையும் கடுமையாகத் தாக்கிய மைக்கேல் மூர்காக், 1961இல் எல்ரிக் என்ற வீரனைப் படைத்தார். அழிந்துவரும் பேரரசின் கடைசி மன்னன், உடல் நலிந்தவன். அவன் கையிலுள்ள கருவாள் வெட்டுண்டவரின் உயிரைக் குடித்து அவனுக்கு வலிமை ஊட்டுகிறது. அவன் காதலியின் உயிரையும் அதுவே குடிக்கிறது; இறுதியில் அவனையும் விழுங்குகிறது. ஏந்தியவன் ஆண்டான், வாள் அடிமை என்ற பழைய பாட்டைத் தலைகீழாக்கிக் காட்டிய துணிவு பெரிது. ஆயினும் அங்கும் துயரம் மன்னனுக்கே. வெட்டுண்டவர் வெறும் எண்ணிக்கை.

வாட்கதைகளைத் தீயில் இடுங்கள் என்று கூறோம், பிள்ளைகள் படிக்கட்டும். அண்டூரில் ஒளிரும்போது அவர்கள் கண் ஒளிரட்டும். ஆனால் அருகே அமர்ந்து மூன்று கேள்விகளைக் கேட்கக் கற்பிப்போம்: இதை வடித்தவர் யார்? இது யார்மேல் விழுந்தது? இவனுக்கு இது பிறப்பால் வந்ததா, உழைப்பால் வந்ததா?

இந்த மூன்றுக்கும் விடை சொல்லும் எழுத்தாளனே நாளைய காப்பியத்தைப் படைப்பான். அவன் கதையில் வாளும் இருக்கலாம், வீரனும் இருக்கலாம். உலைக்களத்தின் புகையும் இருக்க வேண்டும். துருத்தி ஊதியவன் பெயரும் இருக்க வேண்டும்.